விரிவுரையாளர் நியமன வழக்கு: ஒரு திருத்தம்

மேலே ஒரு தம்பி, "நேர்முகத் தேர்வில அநியாயம் நடந்தா திருகோணமலை நீதவான் நீதிமன்றத்தில எப்ப வேணுமெண்டாலும் வழக்குப் போடலாம், போட்ட அண்டைக்கே நியமனம் நிண்டிடும்" எண்டு எழுதியிருக்கிறார். மூண்டும் பிழை.

அரச பல்கலைக்கழக நியமனத்தை எதிர்த்து ரிட் மனு (அரச அமைப்பின்ர முடிவை ரத்துச் செய்யச் சொல்லிக் கேக்கிற மனு) போடுற இடம் கொழும்பில இருக்கிற மேன்முறையீட்டு நீதிமன்றம். அடிப்படை உரிமை மீறல் எண்டால் உயர் நீதிமன்றம் (Supreme Court). அதுக்கு அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி ஒரு மாதம்தான் அவகாசம்.

இந்த ஒரு மாதத்திலதான் எங்கட ஆக்கள் கோட்டை விடுறது. என்ர மச்சாள் "வடிவா விசாரிச்சுப் போட்டுப் போவம்" எண்டு இருந்து, ஆறாவது கிழமைதான் ஃபைலைக் கக்கத்தில வச்சுக்கொண்டு இரவு ரயிலேறினவ. சட்டத்தரணி முதல் பார்த்தது நியமனம் இல்லையெண்டு வந்த கடிதத்தின்ர திகதியைத்தான். நேர்முகப் புள்ளிகளை இல்லை.

மாதம் முடிய முதல் மனித உரிமைகள் ஆணைக்குழுவில முறைப்பாடு குடுத்தால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி விசாரணை நடக்கிற காலம் கணக்கில வராது. பிராந்திய அலுவலகம் திருகோணமலையிலேயே இருக்கு. ஆனால் ரசீது மட்டும் போதாது, விசாரணை உண்மையா நடக்குது எண்டு காட்டவேணும்.

நியமனம் தானா நிக்காது. இடைக்காலத் தடை உத்தரவு தனியாக் கேக்கவேணும். வெண்டாலும் நீதிபதி உங்களுக்குப் புள்ளி போடமாட்டார். நடைமுறை பிழையெண்டால் முடிவை ரத்துச் செய்வார், பெரும்பாலும் திரும்ப நேர்முகம்தான்.

பல்கலைக்கழக சேவைகள் மேன்முறையீட்டுச் சபை எண்டு ஒண்டும் இருக்கு, தம்பி. அதை ஒருத்தரும் சொல்லேல்லை.