அந்த டகாலோக் குரல்களை எங்கே பூட்டி வைத்திருக்கிறீர்கள்?

மாதாமாதம் காசு வாங்கிக்கொள்கிற ஒரு செயலியில் 'யூ யூ ஹாகுஷோ' என்ற ஜப்பானியக் கார்ட்டூன் தொடர் இருக்கிறது. படம் பளிச்சென்று இருக்கிறது. ஒலியை மாற்றப் போனால் ஜப்பானிய மொழி, ஆங்கிலம், இன்னும் என்னென்னவோ மொழிகள் வரிசையாக நிற்கின்றன, பிலிப்பைன்ஸின் டகாலோக் மொழி மட்டும் கிடையாது. அங்கே ஒரு தலைமுறை இதை டகாலோக் டப்பிங்கில், 'கோஸ்ட் ஃபைட்டர்' என்றுதான் பார்த்து வளர்ந்தது! எங்களுக்குக் கதாநாயகன் யூசுகே என்று ஒருவனைத் தெரியவே தெரியாது, அவன் யூஜின். குவாபாரா ஆல்ஃபிரெட், ஹியேய் வின்சென்ட், குராமா டென்னிஸ். அந்தக் குரல்கள் இல்லாமல் அதே படத்தைப் பார்த்தால் யாரோ அந்நியர்கள் சண்டை போடுவது போல இருக்கிறது.

அப்பாவுக்குப் பிலிப்பைன்ஸின் லகூனா மாகாணத்து லோஸ் பான்யோஸ் நெல் ஆராய்ச்சி நிலையத்தில் வேலை என்பதால் 90களில் நான் வளர்ந்தது அங்கேதான். வீட்டில் தமிழ், பள்ளியில் ஆங்கிலம், தெருவுக்குப் போனால் டகாலோக். அந்தத் தெரு மொழியை எனக்கு எந்த டீச்சரும் சொல்லித் தரவில்லை, டிவிதான் தந்தது. அதே நாட்டில் சிபு, தாவாவ் நகரங்கள் பக்கம் வீட்டில் விசாயன் என்ற வேறு மொழி பேசிய பிள்ளைகளிடம் கேளுங்கள், அவர்களில் பலரும் இதையேதான் சொல்வார்கள். ஏபிஎஸ்-சிபிஎன் சேனலில் 'பிரின்சஸ் சாரா', 'செடி' (Cedie), ஜிஎம்ஏ சேனலில் 'ஸ்லாம் டங்க்', 'டோரேமான்', எல்லாமே டகாலோக் பேசிய ஜப்பானியக் கார்ட்டூன்கள். சாராவைப் பள்ளித் தலைமையாசிரியை மிஸ் மின்சின் படுத்திய பாட்டைப் பார்த்து அழாத வீடு எங்கள் தெருவில் இல்லை, வேலை செய்ய வந்த அக்காவும் விளக்குமாற்றைப் போட்டுவிட்டு உட்கார்ந்து அழுவார். அந்த வரவேற்பைப் பார்த்துத்தானே 1995இல் கமீல் பிராட்ஸை வைத்துச் சாராவையும், அடுத்த வருடமே டாம் டாவுஸை வைத்துச் செடியையும் சினிமாவாகவே எடுத்தார்கள்?

இவ்வளவு சம்பாதித்துக் கொடுத்த குரல்களுக்கு இன்று என்ன மரியாதை? ஒளிபரப்பு உரிமம் சில வருடங்களுக்குத்தான், அது முடிந்ததும் படம் ஜப்பானியக் கம்பெனிக்குப் போய்விடும், டப்பிங் ஒலி மட்டும் இங்கே எங்கேயோ கிடக்கும், இரண்டையும் திரும்பச் சேர்க்க யாராவது இரண்டு பக்கமும் பேசிக் காசு கொடுக்க வேண்டும். யார் கொடுப்பார்கள்? 'ஹிமாலா' மாதிரி பழைய பிலிப்பைன்ஸ் சினிமாக்களை ஏபிஎஸ்-சிபிஎன் அவ்வளவு பாடுபட்டுப் புதுப்பித்தது, அது பெரிய வேலை, மனதாரப் பாராட்டுகிறேன். அந்தப் பாசத்தில் கால்வாசியாவது கார்ட்டூன் டப்பிங்குக்குக் கிடைக்கக் கூடாதா? டகாலோக்கில் அனிமே, அதாவது ஜப்பானியக் கார்ட்டூன், போடுவதற்கென்றே இருந்த ஹீரோ டிவியும் 2018இல் மூடியாயிற்று. 2020 மே மாதம் ஏபிஎஸ்-சிபிஎன்னின் ஒளிபரப்பையே நிறுத்தினார்கள். அதற்குப் பிறகு இதையெல்லாம் கேட்க நாதி ஏது.

இதைவிட ஆத்திரம் வருவது வேறொன்றில். எவரோ ஒரு ரசிகர் அந்தக் காலத்தில் வீடியோ கேசட்டில் பதிந்து வைத்ததை, நடுவில் வரும் சோப்பு விளம்பரத்தோடு சேர்த்து, ராத்திரியெல்லாம் உட்கார்ந்து யூடியூபில் ஏற்றுகிறார். கோடு கோடாகத்தான் ஓடும், ஆனால் குரல் இருக்கும். கொஞ்ச நாளில் காப்புரிமைப் புகார், வீடியோ காலி. சரி, உரிமை உங்களுடையது, எடுத்துக்கொள்ளுங்கள். எடுத்த இடத்தில் நீங்கள் போடுங்களேன்! போட மாட்டார்கள், போடுகிறவரையும் விட மாட்டார்கள்.

அப்புறம் இந்த "ஒரிஜினல் ஜப்பானியக் குரல்தான் உண்மையானது, சப்டைட்டில் வைத்துப் பார்" என்கிற அறிவாளிகள். எழுத்துக்கூட்டிப் படிக்கிற வயதுக் குழந்தை சப்டைட்டிலை எப்படி ஐயா படிக்கும்? ஸ்டூடியோவில் நின்று, வாயசைப்புக்குள் டகாலோக் வசனத்தை அடக்கி, ஒரே ஆள் சிறுவனாகவும் கிழவனாகவும் மாறி மாறிப் பேசியது பொய்யான உழைப்பா? அவர்கள் முகம் எங்களுக்குத் தெரியாது, பெயர் தெரிந்தவர்களும் கொஞ்சம் பேர்தான். அவர்கள் செய்த வேலையாவது மிஞ்ச வேண்டாமா?

புது டப்பிங் செய்யச் சொல்லவில்லை. இருக்கிற பழைய ஒலியை அந்தப் பட்டியலில் இன்னொரு மொழியாகச் சேருங்கள், இரைச்சலோடு இருந்தாலும் பரவாயில்லை, தனியாகக் காசு கேட்டாலும் கட்டுகிறேன். லகூனா ஈரத்தில் கேசட்டுகளுக்குப் பூஞ்சை பிடிக்க அதிக நாள் ஆகாது, சீக்கிரம் செய்யுங்கள்.