ஆச்சி எந்த ஊர்?

(மேற்கு மாம்பலத்தில் ஒரு சலூன். மூலையில் உள்ள டிவியில் ‘தில்லானா மோகனாம்பாள்’ ஓடுகிறது. கடைக்காரருக்குச் சொந்த ஊர் மன்னார்குடி. முகம் நிறைய நுரையோடு உட்கார்ந்திருப்பவருக்குக் காரைக்குடி. சுருக்கமாக மன்னை, காரை என்று வைத்துக்கொள்வோம்.)

காரை: ஷேவிங் மட்டும் போதும் தம்பி. மீசையைத் தொடாதே. இருபது வருஷமாக வளர்த்தது.

மன்னை: சரி சார். டிவியைப் பாருங்க, ஜில் ஜில் ரமாமணி வந்தாச்சு. மனோரமா எங்க ஊர்ப் பொண்ணு.

காரை: உங்க ஊரா? ஆச்சி எங்க ஊர். ‘ஆச்சி’ என்பதே எங்க பக்கத்துப் பேச்சுதானே!

மன்னை: பிறந்தது மன்னார்குடி சார். 1937. அம்மா வைத்த பேர் கோபிசாந்தா.

காரை: பிறந்ததோடு சரி. அப்புறம் அம்மாவும் மகளும் பிழைக்க வந்தது காரைக்குடி பக்கம் பள்ளத்தூருக்கு. நாடகத்தில் பாட ஆரம்பித்தபோது ஊரே எப்படிக் கூப்பிட்டது? பள்ளத்தூர் பாப்பா! மன்னார்குடி பாப்பா என்று யாராவது...

மன்னை: (தொண்டையில் கத்தியை வைத்து) அசையாதீங்க சார். என்னமோ கேட்டீங்களே?

காரை: ம்ம்.

மன்னை: பார்த்தீங்களா, உங்களிடமே பதில் இல்லை. இந்தக் கட்டத்தைக் கவனிங்க. சிவாஜியிடம் போய், அந்தச் சத்தம் உங்க நாயனத்தில் மட்டும்தான் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்று கேட்கிறாள். சிரிப்பை அடக்குவது சிக்கல் சண்முகசுந்தரமா, சிவாஜியா என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. காவிரித் தண்ணீர் குடித்தவருக்குத்தான் சார் இப்படிக் கேட்க வரும்.

காரை: அப்படியா? அதே 1968இல்தான் ‘பொம்மலாட்டம்’ வந்தது. அதில் ‘வா வாத்தியாரே’ பாட்டைச் சொந்தக் குரலில் பாடினார். அத்தனையும் அசல் மெட்ராஸ் பாஷை. அதற்கு எந்தத் தண்ணீர் குடித்தாராம், கூவமா?

மன்னை: (கத்தி ஒரு நொடி நிற்கிறது) அது மேடையில் பழகிய தொண்டை சார். அந்தக் காலத்து நாடகத்தில் பாடத் தெரியாதவருக்கு வேஷம் கிடையாது. கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்தவனுக்கும் கேட்க வேண்டும்.

காரை: சினிமாவுக்குக் கூட்டிவந்தது யார் என்று சொல்லு. 1958இல் ‘மாலையிட்ட மங்கை’, கண்ணதாசன் சொந்தப் படம். கவிஞருக்கு ஊர் சிறுகூடல்பட்டி. அதுவும் எங்க பக்கம்!

மன்னை: உங்க பக்கத்து ஆள் கொடுத்தது காமெடி வேஷம்தானே?

காரை: அதுதானே நல்லதாகப் போயிற்று! 1963இல் ‘கொஞ்சும் குமரி’யில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். அப்படியே போயிருந்தால் பத்து வருஷத்தில் அக்கா வேஷம், அப்புறம் மாலை போட்ட போட்டோ. காமெடி பக்கம் நின்றதால் 1985க்குள் ஆயிரம் படம், கின்னஸில் பேர்.

மன்னை: ஆயிரமா! எனக்கு ஆயிரம் தலை பார்க்க ஒரு வருஷம் ஆகிறது.

காரை: இப்போதே அரை மணி நேரம் ஆயிற்று. தெரிகிறது.

மன்னை: அண்ணா, கலைஞரோடு மேடையில், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி.ஆரோடு படத்தில். ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர் சார். நான் ரேஷன் கார்டில் பேர் திருத்த ஒரு கவுன்சிலரைப் பார்க்க நாலு மாதமாக அலைகிறேன்.

காரை: கடைசியில் சீரியலையும் விடவில்லை. ஆச்சி வந்தால் எங்க வீட்டில் பால் பொங்கி வழியும்; யாரும் எழுந்து போக மாட்டார்கள்.

மன்னை: குரல் மட்டும் மாறவே இல்லை. 1994இல் ‘மே மாதம்’ படத்தில் மெட்ராஸைச் சுற்றிப் பார்க்கிற பாட்டு. ரஹ்மான் இசை. கூடப் பாடியதில் ஒருவர் சின்னப் பையன் ஜி.வி.பிரகாஷ். மனோரமாவுக்கு வயது 57. யார் குழந்தை என்றே சந்தேகம் வரும்!

காரை: எல்லாம் பள்ளத்தூர் வளர்ப்பு.

மன்னை: மன்னார்குடி ரத்தம் சார்.

காரை: (வெடுக்கென்று திரும்பி) வளர்த்தவருக்குத்தான்டா சொந்தம்!

(சரக்.)

(இருவரும் கண்ணாடியைப் பார்க்கிறார்கள். இடது பக்க மீசையைக் காணவில்லை. டிவியில் நாயனம் மட்டும் கேட்கிறது.)

மன்னை: வளர்த்தவருக்குத்தானே சார் சொந்தம்?

காரை: ஆமாம்.

மன்னை: (மேல்துணியில் கிடந்த மீசையைப் பொறுக்கி அவர் கையில் வைத்து) இந்தாங்க.