ழான் மிஷேல் ழாரைக் கூட்டக் கணக்கில் அளக்கலாமா?

பிரெஞ்சு மின்னணு இசைக்கலைஞர் ழான் மிஷேல் ழார் என்று சொன்னதும் இசை ஆர்வம் மிக்கவர்கள்கூட முதலில் எடுத்துப் பேசுவது, அவருடைய கச்சேரிகளுக்குத் திரண்ட கூட்டத்தைத்தான். 1979 ஜூலை 14 அன்று பாரிஸ் கான்கார்டு சதுக்கத்தில் 10 லட்சம் பேர், 1986இல் ஹூஸ்டனில் 13 லட்சம் பேர், 1997இல் மாஸ்கோ நகரத்தின் 850ஆம் ஆண்டு விழாவில் 35 லட்சம் பேர் என்று மதிப்பீடுகளை அடுக்கிவிட்டு, லேசர் ஒளியையும் வாணவேடிக்கையையும் இரண்டு வரி வியந்துவிட்டு, கட்டுரையை முடித்துவிடுகிறார்கள். இந்த எண்களே அவருக்குப் பெரிய அநீதி இழைத்துவிட்டன என்பது என் உறுதியான கருத்து. அவர் செய்த உண்மையான காரியம் திறந்த வெளியில் நடக்கவில்லை. பாரிஸில் அவர் குடியிருந்த வீட்டின் சமையலறையில், எட்டுத் தடங்கள் மட்டுமே கொண்ட ஓர் ஒலிப்பதிவுக் கருவிக்கு முன்னால் நடந்தது.

1948 ஆகஸ்ட் 24 அன்று லியோன் நகரில் பிறந்த ழாரின் தந்தை மோரீஸ் ழார், மூன்று முறை ஆஸ்கர் பெற்ற திரையிசையமைப்பாளர். ஆனால் மகனுக்கு ஐந்து வயதானபோதே பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். தந்தை அமெரிக்கா போய்விட்டார். எனவே "அப்பாவின் வழியில் பிள்ளை" என்று எழுதுகிறவர்கள் அவசரப்படுகிறார்கள். பையனை வளர்த்தவர், பிரெஞ்சு எதிர்ப்பு இயக்கத்தில் இருந்து நாஜி வதைமுகாமுக்குப் போய் உயிரோடு திரும்பிய தாய். அவனுக்கு முதல் ஒலிநாடாக் கருவியைக் கொடுத்தவரோ, ஓபோ என்ற ஊதுகருவியை வாசிப்பவராகவும் பொறியாளராகவும் வானொலிக்கு ஒலிக்கலவைக் கருவி வடிவமைத்தவராகவும் இருந்த தாத்தா ஆந்த்ரே ழார். நாடாவில் பதிந்த ஒலியைக் கையால் தொட்டு வெட்டி ஒட்டலாம் என்பது ழாருக்குச் சிறுவயதிலேயே தெரிந்திருந்தது.

1960களின் இறுதியில் அவர் பியேர் ஷேஃபரின் இசை ஆய்வுக் குழுவில் சேர்ந்தார். ழார் பிறந்த அதே 1948இல்தான் ஷேஃபர், ரயில் எஞ்சின்களின் ஓசையை ஒலிப்பதிவு செய்து, அதை வெட்டிக் கோத்து ஓர் இசைப் படைப்பாகப் பிரெஞ்சு வானொலியில் ஒலிக்கச் செய்திருந்தார். சுரத்துக்கு முன்னால் ஓசை இருக்கிறது, அதன் நிறமும் உடலும் இசைக்குரியவை என்பது அந்தப் பள்ளியின் பாடம். எனினும் அங்கே பிறந்த படைப்புகள் பெரும்பாலும் ஆய்வாளர் வட்டத்தைத் தாண்டவில்லை. அந்தப் பாடத்தை எடுத்துக்கொண்டு, கேட்ட மாத்திரத்தில் முணுமுணுக்கக்கூடிய மெட்டோடு இணைத்ததே ழாரின் சாதனை. அதற்கு முன் அவர் பாடல்களும் எழுதிப் பழகியிருந்தார். 1974இல் பாடகர் கிறிஸ்தோஃப் பாடிப் புகழ்பெற்ற ஒரு பிரெஞ்சுப் பாடலின் வரிகள் அவருடையவை. சொல்லால் பிழைக்கத் தெரிந்த ஒருவர் சொல்லே இல்லாத இசைத்தட்டு ஒன்றைத் துணிந்து செய்தார் என்பதை நாம் போதிய அளவு மதிப்பதில்லை.

1976இல் உருவான அந்த 'ஆக்சிஜேன்' தட்டைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். கணினி எதுவும் இல்லை. தட்டு முழுவதும் மிதந்து செல்கிற அந்த வயலின் கூட்டம் போன்ற ஒலி, எமினென்ட் 310 என்ற டச்சு வீட்டு ஆர்கனில் எழுந்தது. அதை அப்படியே விட்டிருந்தால் சாதாரண ஆர்கன் ஒலியாகவே இருந்திருக்கும்; ழார் அதைக் கிட்டார் கலைஞர்கள் காலடியில் வைத்துக்கொள்ளும் 'ஸ்மால் ஸ்டோன்' என்ற சின்ன ஃபேசர் பெடலின் (ஒலியை அலையலையாக ஏறி இறங்கச் செய்யும் கருவி) வழியாக அனுப்பினார். உடனே அந்த ஒலி மூச்சு விடத் தொடங்கியது. தாளத்துக்குக் கோர்க் மினிபாப்ஸ் என்ற ரிதம் பாக்ஸ். ஒரு பொத்தானை அழுத்தினால் ஒரு தாளம் வரும் என்பது அதன் அமைப்பு. அவரோ இரண்டு பொத்தான்களை ஒரே நேரத்தில் அழுத்தி, அவை எழும்பாதபடி ஒட்டுநாடாவால் ஒட்டிவைத்து, தயாரிப்பாளர்கள் நினைத்தே பார்க்காத ஒரு கலப்புத் தாளத்தை வாங்கினார். நான்காம் பகுதியில் தத்தித் தத்தி நடக்கும் அந்தத் தாளத்தை இன்று கேட்டாலும் இயந்திரத்தின் இறுக்கம் அதில் தெரிவதில்லை. குறைந்த கருவியைக் கொண்டு நிறைந்த ஒலியை எடுப்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டை நான் அறியேன்.

இசைத்தட்டு நிறுவனங்கள் ஒன்றன்பின் ஒன்றாக அதை மறுத்தன. பாடகர் இல்லை, டிரம்ஸ் இல்லை, பாடலுக்குப் பெயர்கூட இல்லாமல் ஒன்று முதல் ஆறு வரை எண்கள் மட்டும்; யார் வாங்குவார்கள்? ஒரு வாயுவின் பெயரை ஏன் வைத்தாய், அட்டையில் ஏன் மண்டையோடு என்று தாயே கேட்டதாக ழார் பின்னாளில் சொல்லியிருக்கிறார். அட்டையில் இருப்பது மிஷேல் கிரான்ஜே வரைந்த ஓவியம்: பூமியின் தோல் உரிகிறது, உள்ளே மண்டையோடு தெரிகிறது. சுற்றுச்சூழல் பற்றிய கவலையை அன்றே ஓர் இசைத்தட்டின் முகத்தில் வைத்தவர் ழார். கடைசியில் ஃபிரான்சிஸ் ட்ரைஃபுஸ் என்ற வெளியீட்டாளர் துணிந்து 1976 டிசம்பரில் வெளியிட, மறு ஆண்டே பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் அது இரண்டாம் இடத்தைத் தொட்டது. உலகெங்கும் ஒரு கோடிக்கு மேல் விற்றது.

பெரிய கச்சேரிகளை நான் ஒதுக்கவில்லை. 1981இல் பெய்ஜிங்கிலும் ஷாங்காயிலும் அவர் வாசித்தபோது, மாவோவுக்குப் பிந்தைய சீனத்தில் கச்சேரி செய்த முதல் மேற்கத்திய பாப் கலைஞரானார். ஹூஸ்டன் கச்சேரி இன்னும் கனமானது. விண்வெளி வீரர் ரான் மெக்நேர் சாக்ஸஃபோன் வாசிக்கத் தெரிந்தவர். சேலஞ்சர் விண்கலத்திலிருந்தே அவர் வாசிப்பதற்காக ழார் ஓர் இசைக்கோவை எழுதியிருந்தார். 1986 ஜனவரி 28 அன்று அந்தக் கலம் வெடித்துச் சிதறி மெக்நேர் உள்ளிட்ட ஏழு பேரும் மாண்டார்கள். கச்சேரியைக் கைவிட நினைத்த ழாரை விண்வெளி வீரர்களே நடத்தச் சொன்னார்கள். ஏப்ரலில் கிர்க் வேலம் என்ற கலைஞர் அந்தச் சாக்ஸஃபோன் பகுதியை வாசித்தார். ஆனால் அந்த இரவைப் பற்றி எழுதுகிறவர்கள் மெக்நேருக்கு ஒரு வரியும் கூட்டத்துக்குப் பத்து வரியும் ஒதுக்குவதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

கூட்டத்தைத் தேடியவர் என்று அவரைக் குறை சொல்கிறவர்கள் 1983ஐ நினைக்க வேண்டும். ஓர் ஓவியக் கண்காட்சிக்காகச் செய்த இசையை ஒரே ஒரு பிரதியாக அச்சிட்டு, மூல நாடாக்களையும் அச்சுகளையும் அழித்துவிட்டு, பாரிஸில் ஏலத்துக்கு விட்டார். அது 69,000 பிராங்குக்குப் போனது. இசையைச் சந்தைச் சரக்காக மட்டும் பார்க்கும் தொழிலுக்கு எதிராக, தன் படைப்பையே பலி கொடுத்துச் சொன்ன பதில் அது. படைப்பாளியின் உரிமை பற்றிய அந்த அக்கறை அவரை விட்டுப் போகவில்லை என்பதற்கு, 2013 முதல் 2020 வரை உலகப் படைப்பாளர் சங்கங்களின் கூட்டமைப்புக்கு அவர் தலைவராக இருந்ததே சான்று.

1984இல் வந்த 'ஸூலுக்' என் பார்வையில் அவருடைய ஆகச் சிறந்த படைப்பு. உலகின் இருபதுக்கும் மேற்பட்ட மொழிகளின் பேச்சுக்குரல்களைச் சேர்த்து, ஃபேர்லைட் என்ற கணினிக் கருவியில் சாம்பிள்களாக, அதாவது சிறு ஒலித்துணுக்குகளாக எடுத்து, ஓர் அசையைத் தாளமாகவும் இன்னோர் அசையை மெட்டாகவும் மாற்றியிருப்பார். ஷேஃபருக்கு ரயில் செய்ததை ழாருக்கு மனிதக் குரல் செய்தது. அதற்குப் பிந்தைய எல்லாத் தட்டுகளையும் நான் அப்படிப் புகழ மாட்டேன். 2007இல் வந்த 'தேயோ எ தேயா' காலத்தின் நடன இசையைத் துரத்திப் போய்த் தன் குரலை இழந்த தட்டு. ஆனால் அதே ஆண்டின் இறுதியில் மூன்று இசைக்கலைஞர்களைத் துணைக்கு வைத்துக்கொண்டு, பழைய கருவிகளையே இறக்கி, 'ஆக்சிஜேன்' முழுவதையும் பாரிஸின் மரின்யி அரங்கில் நேரடியாக வாசித்தார். மேடையில் உண்மையில் வாசிக்கிறாரா, நாடாவை ஓடவிடுகிறாரா என்று பல காலம் எழுந்த சந்தேகத்துக்கு அந்தச் சிறிய அரங்கே போதுமான விடை தந்தது.

இவரைப் புதிதாகக் கேட்க விரும்புகிறவர்கள் தயவுசெய்து கச்சேரிக் காணொளிகளிலிருந்து தொடங்க வேண்டாம். நல்ல ஹெட்ஃபோனில் 'ஆக்சிஜேன்' முதல் பகுதியிலிருந்து ஆறாம் பகுதி வரை இடைவிடாமல் கேளுங்கள், பிறகு 'ஸூலுக்' கேளுங்கள். மாஸ்கோவையும் ஹூஸ்டனையும் அதற்கு அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.