அரசு பில் லேட்டானா வட்டி தானா ஏறணும், கேட்டு வாங்குற நிலைமை இருக்கக் கூடாது

சத்தீஸ்கர்ல அரசுப் பள்ளிகளுக்கு ஸ்போர்ட்ஸ் கிட் சப்ளை பண்ண டெண்டர் விட்டாங்க. கண்டிஷன் என்னன்னா, கடைசி மூணு வருஷத்துல சத்தீஸ்கர் அரசு அமைப்புகளுக்கே 6 கோடிக்கு சப்ளை பண்ணிருக்கணும், வேற மாநிலத்துல எத்தனை கோடிக்குப் பண்ணிருந்தாலும் செல்லாது. ஹைகோர்ட் இது சரின்னுட்டுது. 2025 அக்டோபர்ல சுப்ரீம் கோர்ட் தான் இது போட்டியையே அடைக்குதுன்னு சொல்லி டெண்டரை ரத்து பண்ணுச்சு. படிச்சப்ப அவ்ளோ சந்தோஷமா இருந்துச்சு.

ஆனா டெல்லி வரைக்கும் போய் கேஸ் நடத்த எத்தனை பேரால முடியும்? நம்ம தமிழ்நாட்டுலயும் 1998ல வந்த டெண்டர் வெளிப்படைத்தன்மைச் சட்டம் இருக்கு, டெண்டரை வேற ஆளுக்குக் குடுத்தது தப்புன்னா பத்து நாளுக்குள்ள அரசுக்கு அப்பீல் போடலாம், போடுறவங்க ரொம்பக் கம்மி.

டெண்டர் கிடைச்சவன் பாடு இன்னும் மோசம். கோயம்புத்தூர் பக்கம் லேத், ஃபேப்ரிகேஷன் பண்றவங்ககிட்ட கேட்டுப் பாருங்க, பொருள் போயிரும், பில் மட்டும் டேபிள் டேபிளா சுத்தும், ஃபண்டு வரல, ஆடிட் அப்ஜெக்ஷன், ஆபீசர் மாறிட்டார்னு ஏதாவது ஒண்ணு. இந்தப் பக்கம் ஸ்டீல் கடைக்காரனுக்கும் பேங்க் ஓவர்டிராஃப்டுக்கும் இவர் வட்டி கட்டிட்டே இருப்பார்.

சட்டம் இல்லாம இல்லங்க. 2006ல வந்த எம்எஸ்எம்இ சட்டத்துல, அதாவது குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டத்துல, மைக்ரோ, ஸ்மால் யூனிட்டுக்கு அதிகபட்சம் 45 நாள்ல பணம் குடுத்தாகணும், தாண்டுனா ரிசர்வ் பேங்க்கோட பேங்க் ரேட் மாதிரி மூணு மடங்கு வட்டி, அதுவும் மாசா மாசம் கூட்டுவட்டி. பேங்க் ரேட் 5.5ன்னு வச்சாலே 16.5 சதவீதம் ஆகுது. பணம் வரலன்னா இந்தச் சட்டப்படி இருக்குற கவுன்சில்ல மனு போடலாம், அங்க பொருள் வாங்குன பார்ட்டி தோத்து கோர்ட்டுக்குப் போகணும்னா தொகையில 75 சதவீதத்தை முதல்ல கட்டணும். அரசு ஆபீசும் இதுல அடக்கம். இவ்வளவு பலமான சட்டம் இருந்தும் ஏன் யாரும் தொடுறதில்ல? எந்த ஆபீஸ் மேல மனு போடணுமோ அதே ஆபீஸ்தான் அடுத்த டெண்டரையும் திறக்குது, அவ்வளவுதான் காரணம். மனு போட்டா பிளாக்லிஸ்ட் பண்ணிருவாங்களோ, அடுத்த ஒர்க் ஆர்டர் வராதோன்னு பயம். அந்தப் பயத்துலதான் கடைசி பில் வாங்கும்போது இனி எந்த பாக்கியும் இல்லைன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டு வர்றாங்க.

அதனால நான் கேக்குறது ஒண்ணுதான். வட்டியை சப்ளையர் போய் கேக்குற மாதிரி வைக்காதீங்க. இப்ப பில் எல்லாம் கம்ப்யூட்டர்லதானே போகுது, 46வது நாள்ல இருந்து வட்டி தானா பில்லோட சேரட்டும், லேட் பண்ணது யாரு டேபிள்னு அதுலயே பதிவாகட்டும். பிரைவேட் கம்பெனிக்காவது வருமான வரிச் சட்டத்துல ஒரு பிடி இருக்கு (1961 சட்டத்துல அது 43பி(எச்)), டைம்ல குடுக்கலன்னா அந்தத் தொகையை அந்த வருஷம் செலவுல கழிக்க முடியாது. வரியே கட்டாத அரசுத் துறைக்கு அது உறைக்கவா போகுது?

இன்னொரு சிக்கல் உத்யம் பதிவு, அதாவது சின்னத் தொழில்னு மத்திய அரசுகிட்ட எடுக்குற பதிவு. இந்தச் சட்டத்துல பணம் கேக்கணும்னா ஆர்டருக்கு முன்னாடியே பதிவு இருக்கணும்னு 2022ல சுப்ரீம் கோர்ட் சொல்லுச்சு, 2025 ஜனவரில இன்னொரு பெஞ்ச் அது அப்படி இல்லையேன்னு மூணு நீதிபதி பெஞ்சுக்கு அனுப்புச்சு. ரோடு, பில்டிங் மாதிரி ஒர்க்ஸ் கான்ட்ராக்டுக்கு இந்தச் சட்டமே பொருந்தாதுன்னு பாம்பே ஹைகோர்ட் மாதிரி இடங்கள்ல தீர்ப்பு வேற இருக்கு. ஒரு சின்ன மேஸ்திரி கான்ட்ராக்டர் இதையெல்லாம் படிச்சிட்டா டெண்டர் போடுவார், சொல்லுங்க.

இப்போதைக்கு சப்ளை பண்றவங்க இதை மட்டும் விடாதீங்க. உத்யம் இன்னும் எடுக்கலன்னா அடுத்த ஆர்டருக்கு முன்னாடியே எடுத்துருங்க, பொருள் இறக்குனதும் டெலிவரி சலான்ல தேதியோட சீல் வாங்குங்க. 15 நாளுக்குள்ள எழுத்துல ஆட்சேபணை வரலன்னா பொருளை ஏத்துக்கிட்டதாத்தான் சட்டம் எடுத்துக்கும், அப்புறம் ஆறு மாசம் கழிச்சு குவாலிட்டி சரியில்லன்னு யாராவது ஆரம்பிச்சா அந்த சலானை எடுத்து நீட்டலாம்.