வண்டி சேலத்தில் நிற்குமா?

போன வாரம் அப்பாவைக் கண் பரிசோதனைக்காகச் சென்னைக்குக் கூட்டிக்கொண்டு போய் வந்தேன். ராத்திரிச் சாப்பாட்டை முடித்துக்கொண்டு அம்மாப்பேட்டையிலிருந்து ஆட்டோவில் சூரமங்கலம் ஜங்ஷன். அங்கிருந்து இரவு வண்டி. இருட்டோடு சென்ட்ரலில் இறங்கி, முகம் கழுவி, ஆஸ்பத்திரி திறக்கும்வரை வாசலில் காத்திருந்தோம். டாக்டர் அப்பாவைப் பார்த்தது பத்து நிமிடம். நல்ல டாக்டர், சொல்ல வேண்டியதைப் பத்து நிமிடத்தில் தெளிவாகச் சொல்லிவிட்டார். ஆனால் அந்தப் பத்து நிமிடத்துக்காக ஒரு ராத்திரித் தூக்கமும் ஒரு முழுப் பகலும் போயிற்று. நாற்பது வருடம் தறிக்குழியில் உட்கார்ந்து நெய்த மனிதர். இடுப்பு தாங்காது.

திரும்பும்போது பகல் வண்டி. எதிர் சீட்டில் இருந்த பையன் போனில் ஜப்பான் ரயில் வீடியோ பார்த்துக்கொண்டிருந்தான். அப்பா எட்டிப் பார்த்து, "என்ன தம்பி, இவ்ளோ வேகமா போவுது?" என்றார். பையன் பொறுமையாக விளக்கினான். நம்ம பக்கமும் ஒரு நாள் இந்த மாதிரி வண்டி வரும்ங்கய்யா என்றான். அப்பா கொஞ்ச நேரம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுக் கேட்டார்: "வரட்டும். சேலத்துல நிக்குமா?"

அந்தக் கேள்வி மனதை விட்டுப் போகவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் ஒரு கணக்கு. டோக்கியோவுக்கும் ஒசாகாவுக்கும் நடுவே ரயில் பாதை 515 கி.மீ. சென்னைக்கும் கோவைக்கும் ஏறத்தாழ 495. கிட்டத்தட்ட ஒரே தூரம். 1964 அக்டோபர் 1ஆம் தேதி ஷின்கான்சென் என்ற அதிவேக ரயில் ஓடத் தொடங்கியபோதே அந்தத் தூரத்துக்கு 4 மணி நேரம்தான் ஆனது. இன்று வேகமான வண்டி 2 மணி 21 நிமிடத்தில் போய்விடுகிறது. நம் தடத்தில் 2023 ஏப்ரலில் வந்த வந்தே பாரத் இன்றும் 6 மணி நேரத்தை ஒட்டி எடுத்துக்கொள்கிறது. ஜப்பான் கணக்கில் ஓடினால் சேலம் ஜங்ஷனிலிருந்து சென்ட்ரலுக்கு உள்ள 334 கி.மீ. ஒன்றரை மணி நேரம். காலையில் இட்லி சாப்பிட்டுக் கிளம்பினால், டாக்டரைப் பார்த்துவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு அப்பா வீட்டில் இருப்பார்.

நமக்கு வண்டி கட்டத் தெரியாது என்று யாரும் சொல்லிவிட முடியாது. வந்தே பாரத் நம் பெரம்பூர் ஐ.சி.எஃப். ரயில் பெட்டித் தொழிற்சாலையில் பிறந்தது. சோதனை ஓட்டத்தில் 180 கி.மீ. வேகம் தொட்ட வண்டி. அதைப் பிடித்து வைத்திருப்பது பாதைதான். பொம்மிடி தாண்டி லோக்கூர், டேனிஷ்பேட்டை பக்கம் வரும்போது கவனித்திருப்பீர்கள், பாதை சேர்வராயன் மலை அடிவாரத்தில் வளைந்து வளைந்து போகும். அன்று சாயங்காலமும் அப்படித்தான். வண்டி மெல்லத் திரும்ப, முன்னால் எஞ்சினும் அதன் பின்னால் நாலைந்து பெட்டிகளும் எங்கள் ஜன்னலிலிருந்தே தெரிந்தன. அப்பா சின்னப் பையன் மாதிரி விரலை நீட்டிக் காட்டினார். மலை மேல் மேகம் இறங்கிக்கொண்டிருந்தது. கண்ணுக்கு எவ்வளவு அழகோ, வேகத்துக்கு அவ்வளவு இடைஞ்சல் அந்த வளைவு. ஷின்கான்செனின் முதல் தடத்திலேயே வளைவுகளின் ஆரம் 2,500 மீட்டருக்குக் குறையக் கூடாது என்று வைத்தார்கள். பிறகு போட்ட தடங்களில் அது 4,000 மீட்டர். 2,500 மீட்டர் ஆரத்தில் ஒரு முழு வட்டம் போட்டுப் பாருங்கள், குறுக்கே ஐந்து கி.மீ. வரும். வளைவை மதிக்காமல் ஓட்டினால் என்ன ஆகும் என்பதை 2013 ஜூலையில் ஸ்பெயினில் சான்டியாகோ பக்கம் பார்த்தோம். 80 கி.மீ. வேகத்தில் திரும்ப வேண்டிய இடத்தில் இரண்டு மடங்குக்கும் மேல் வேகமாக வந்த வண்டி கவிழ்ந்து, ஏறத்தாழ 80 பேர் இறந்துபோனார்கள்.

ஆகவே, பழைய பாதையில் புது வண்டியை விட்டு அதை அதிவேக ரயில் என்று சொல்லிக்கொள்ள முடியாது. தனிப் பாதை வேண்டும். ஜப்பானில் அதைப் பிடிவாதமாகச் சொன்னவர் தேசிய ரயில்வேயின் தலைவராக இருந்த சோகோ ஷின்ஜி. டோக்கியோவுக்கும் ஒசாகாவுக்கும் நடுவே இருந்த பழைய டோக்காய்டோ பாதை சரக்கு வண்டியாலும் பயணிகள் வண்டியாலும் நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. அதன் பக்கத்திலேயே இன்னும் இரண்டு தண்டவாளம் போட்டால் போதும் என்று பலர் சொன்னார்கள். அவர் கேட்கவில்லை. தண்டவாள இடைவெளி அகலமான தனிப் புதுப் பாதை, லெவல் கிராசிங் ஒன்றுகூட இல்லாமல், வேக வண்டிகளுக்கு மட்டும் என்று நின்றார். செலவு மதிப்பீட்டைத் தாண்டி எகிறியதால் 1963இல் பதவி விலக வேண்டிவந்தது. திறப்பு விழாவுக்கு அவரை அழைக்கவில்லை. படிக்கும்போதெல்லாம் எனக்கு வருத்தமாக இருக்கும்.

ஆனால் அவர் செய்ததன் பெரிய பலன் பழைய பாதைக்குக் கிடைத்தது. வேக வண்டிகள் விலகிப் போனதும் சாதாரண வண்டிகளுக்கும் சரக்குக்கும் அங்கே இடம் கிடைத்தது. நம் ஊரில் இதைப் பேசுகிறவர்கள் குறைவு. பாசஞ்சர் வண்டியில் தினமும் வேலைக்கு வருகிறவர்களைக் கேளுங்கள். ஒரு சின்ன ஸ்டேஷனில் லூப் லைனில் நிறுத்திப் போட்டிருப்பார்கள். பத்து நிமிடம் கழித்துப் பக்கத்துத் தண்டவாளத்தில் ஒரு வேக வண்டி சடசடவென்று போகும். தூசி அடங்கிய பிறகுதான் இந்த வண்டிக்குப் பச்சை விழும். பால் கேனோடும் காய்கறிக் கூடையோடும் உட்கார்ந்திருக்கிறவர்களுக்குத்தான் தனிப் பாதையால் முதல் லாபம்.

சரி, அப்பாவின் கேள்விக்கு வருகிறேன். நிற்குமா?

பிரான்சில் வடக்கு நோக்கி அதிவேகப் பாதை போடும்போது இதே சண்டை நடந்தது. பாரிஸிலிருந்து இங்கிலாந்து போகும் கடலடிச் சுரங்கத்துக்கு நேராகப் போனால் ஆமியான் நகர் வழி. லீல் நகரம் சுற்று வழி. லீல் அன்றைக்கு நொடிந்துபோன ஜவுளி ஊர், ஆலைகள் ஒவ்வொன்றாக மூடிக்கொண்டிருந்தன. அதன் மேயர் பியர் மொருவா, நாட்டின் பிரதமராகவும் இருந்தவர், விடாமல் போராடிப் பாதையைத் தன் ஊர் வழியாகத் திருப்பினார். அதோடு விடவில்லை. நிலையம் ஊருக்கு வெளியே இருக்கக் கூடாது, பழைய ஸ்டேஷனிலிருந்து நடந்து போகும் தூரத்தில் இருக்க வேண்டும் என்று வாதாடி அதையும் வாங்கினார். இன்று பாரிஸ் அங்கிருந்து ஒரு மணி நேரம். நிலையத்தைச் சுற்றி ஒரு புது வணிகப் பகுதியே எழுந்தது. ஆமியானுக்குக் கிடைத்தது என்ன? ஊருக்கு வெகு தூரத்தில், பீட்ரூட் வயல்களுக்கு நடுவே ஒரு நிலையம். அந்த நாட்டுக்காரர்கள் அதற்கு வைத்த பெயரே பீட்ரூட் ஸ்டேஷன்.

தைவானில் 2007இல் பாதை திறந்தபோது தைனான் நகரத்துக்கான நிலையம் ஊருக்கு வெளியே தள்ளி இருந்தது. நகரத்திலிருந்து அங்கே போய்ச்சேர ஓர் இணைப்பு ரயில் வர 2011 ஆனது. வண்டியில் மிச்சப்படுத்திய நேரத்தைப் பஸ்ஸில் தொலைத்தார்கள் மக்கள். மாறாக, ஸ்பெயினில் 1992இல் மாட்ரிட்–செவில் பாதை வந்தபோது நடுவில் இருந்த சியுதாத் ரியால் என்ற சிறிய நகரத்துக்கு நிறுத்தம் கொடுத்தார்கள். மாட்ரிட் ஒரு மணி நேரத்துக்குள் வந்துவிட்டது. தினமும் போய்வர மாதச் சீட்டும் கிடைத்தது. ஊரைவிட்டுக் குடிபெயராமல் தலைநகரத்தில் வேலை பார்க்க ஆரம்பித்தார்கள். நம் பிள்ளைகள் வேளச்சேரியிலும் தாம்பரத்திலும் ரூம் எடுத்துச் சம்பளத்தில் பாதியைக் கொடுப்பதை நினைத்தால், எனக்கு இந்த ஊர்க் கதைதான் பாரிஸ், டோக்கியோவைவிடப் பெரிதாகத் தெரிகிறது.

எல்லா வண்டியும் எல்லா ஊரிலும் நின்றால் அது அதிவேகமாக இருக்காதே என்று கேட்பார்கள். நியாயம். அதற்கும் ஜப்பானில் வழி இருக்கிறது. அங்கே மூன்று வகை வண்டி: நோசோமி பெரிய நகரங்களில் மட்டும் நிற்கும், ஹிக்காரி இன்னும் சில ஊர்களில், கொடாமா ஒவ்வொரு நிலையத்திலும். கொடாமா ஒதுங்கி நிற்கும்போது நோசோமி நடுத் தண்டவாளத்தில் தாண்டிப் போகும். சின்ன ஊர்க்காரர்களுக்கும் அதே பாதை, அதே கால ஒழுங்கு.

நிலம்தான் எனக்கு நிஜமான கவலை. 2018இல் சென்னை–சேலம் எட்டு வழிச் சாலைக்குக் கல் நட்டபோது குப்பனூர் பக்கம் பெரியம்மா வீட்டுக் கிணற்றடியிலும் ஒரு கல் விழுந்தது. அவர் அந்தக் கல்லைப் பிடித்துக்கொண்டு நின்றதை நான் கண்ணால் பார்த்தேன். 277 கி.மீ. சாலை, வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. அந்தக் காயம் இந்த மாவட்டத்தில் ஆறவில்லை. நேரான பாதை வேண்டும் என்றால் யாரோ ஒருவருடைய தோப்பு வழியாகத்தான் போகும், இதை மறைத்துப் பேசக் கூடாது. ஆனால் சாலை கேட்கும் அளவு நிலத்தை ரயில் கேட்பதில்லை. மும்பை–அகமதாபாத் அதிவேக ரயில் பாதை 508 கி.மீ.; அதில் பெரும்பகுதி தூண்கள் மேல் போகிறது, கீழே எடுக்கும் பட்டையின் அகலம் 17.5 மீட்டர். வாய்க்காலும் வண்டிப் பாதையும் அறுபடாமல் இருக்கும். சீனாவின் அதிவேகப் பாதைகள் 2024 முடிவில் 48,000 கி.மீ. தொட்டதற்கு இந்தத் தூண் பாலங்கள் ஒரு முக்கியக் காரணம். இருந்தாலும், கல் நடுவதற்கு முன்னால் வந்து உட்கார்ந்து பேச வேண்டும். கல் நட்ட பிறகு பேச வந்தால் பெரியம்மா மறுபடி கல்லைப் பிடித்துக்கொண்டுதான் நிற்பார், நானும் அவர் பக்கத்தில் நிற்பேன்.

கட்டணத்தைப் பற்றி ஒரு வரி. ஸ்பெயினில் 2021 முதல் ஒரே பாதையில் வேறு நிறுவனங்களும் வண்டி விட வந்த பிறகு டிக்கெட் விலை இறங்கி, கூட்டம் ஏறியது. தறிக்காரர் ஏற முடியாத வண்டி எனக்கு வேண்டாம்.

சென்னை–பெங்களூரு–மைசூரு என்று ஒரு தடம் நெடுநாளாகப் பேச்சில் இருக்கிறது. அது நம்மைத் தொடாது. கோவைப் பக்கம் ஒரு நாள் தடம் திரும்பும்போது வரைபடத்தில் நேர்க்கோடு போடுகிறவருக்குச் சேலம் ஒரு புள்ளியாகத்தான் தெரியும். அப்போது நாம் கேட்க வேண்டியதை இப்போதே பேசி வைக்கலாம் என்பது என் எண்ணம். நிலையம் ஜங்ஷனிலேயே இருக்க வேண்டும். கரூர், விருத்தாசலம், ஓமலூர், மேட்டூர் என்று நாலு பக்கமும் வண்டி பிரிகிற இடம் அது. நாமக்கல்காரரும் ஆத்தூர்க்காரரும் இறங்கி மறு பிளாட்பாரத்தில் ஏறலாம். அதை விட்டுவிட்டு, நிலம் மலிவு என்று புறவழிச் சாலை ஓரத்தில் ஒரு கண்ணாடிக் கட்டடத்தைக் கட்டி அதற்குச் சேலம் என்று பெயர்ப்பலகை மாட்டினால் நாம் ஏற்கக் கூடாது. எம்.எல்.ஏ., எம்.பி. யாராக இருந்தாலும், எந்தக் கட்சியாக இருந்தாலும், இதைத் தேர்தலுக்கு முன் எழுதி வாங்க வேண்டும்.

அப்பாவை இரண்டு மாதம் கழித்து மறுபடி வரச் சொல்லியிருக்கிறார்கள். நேற்று டிக்கெட் போட்டேன். இரவு வண்டிதான். லோயர் பெர்த் கிடைத்துவிட்டது.