பாபி டிரிஸ்கால்: போதையால் வேலை போகவில்லை

"பீட்டர் பானுக்குக் குரல் கொடுத்த சிறுவன் போதைக்கு அடிமையானதால் டிஸ்னி விரட்டியது" என்று ஒரு பதிவு சுற்றுகிறது. தவறு. ஆண்டுகளைப் பாருங்கள்.

1937 மார்ச்சில் பிறந்த பாபி டிரிஸ்கால், 1949-ஆம் ஆண்டு நடிப்புக்காகச் சிறார் ஆஸ்கர் பெற்றவர். அவர் குரல் கொடுத்த டிஸ்னி கார்ட்டூன் படம் 'பீட்டர் பான்' 1953 பிப்ரவரியில் வெளியானது. சில வாரங்களிலேயே டிஸ்னியுடனான ஒப்பந்தம் முடிந்தது. அப்போது அவருக்கு வயது 16. பருவ வயது வந்து, முகமெல்லாம் பரு. குழந்தை முகத்தை நம்பிய வாய்ப்புகள் அத்தோடு வற்றின. ஹெராயின் என்ற போதைப்பொருளைத் தொட்டது 17 வயதில் என்று அவரே சொல்லியிருக்கிறார். போதை வழக்கில் கைதானது 1956-இல்.

முதலில் வேலை போனது, பிறகுதான் போதை. இந்த வரிசையைப் புரட்டுவது அந்தப் பிள்ளைக்குச் செய்யும் அநியாயம்.

1968 மார்ச்சில் நியூயார்க்கில் இறந்தார். அடையாளம் தெரியாததால், யாரும் உரிமை கோராத உடல்களைப் புதைக்கும் ஹார்ட் தீவில் புதைத்தார்கள்; பின்னர் கைரேகைதான் பெயரைச் சொன்னது.