முக்கோண டோனட்

ஜப்பானியக் கார்ட்டூனான போக்கிமான் தொடரின் ஆங்கில வடிவத்தில் ஒரு காட்சி. கதாநாயகனின் தோழன் பிராக் ஒரு வெள்ளை முக்கோணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, உள்ளே ஜெல்லி வைத்த டோனட்டுக்கு ஈடு எதுவும் இல்லை என்பான். அந்த முக்கோணத்தின் அடியில் கறுப்பாக ஒரு பட்டை ஒட்டியிருக்கும். பள்ளிச் சீருடையைக்கூட மாற்றாமல் பார்த்துக்கொண்டிருந்தேன். சாம்பார் சோற்றை உருட்டி வைத்துக்கொண்டு, நான் வாயைத் திறப்பேனா என்று அம்மா காத்திருந்தார்.

“அது சோற்று உருண்டை” என்றான் அண்ணன்.

“டோனட் என்று அவனே சொல்கிறானே!” என்று நான் சண்டைக்குப் போனேன். டோனட்டை அதுவரை கண்ணால் கண்டதில்லை என்பதால் நம்புவதில் எனக்கு ஒரு சிரமமும் இல்லை.

அண்ணன் சொன்னதுதான் சரி. அது ஒனிகிரி, கடற்பாசித் தாள் சுற்றிய ஜப்பானியச் சோற்று உருண்டை. 1998இல் தொடரை அமெரிக்காவுக்குக் கொண்டுவந்த ஃபோர்கிட்ஸ் நிறுவனம், அங்குள்ள பிள்ளைகளுக்கு அந்நியமாகத் தெரியக்கூடியதையெல்லாம் மாற்றியது. கதாநாயகன் சதோஷி ஆஷ் ஆனான், அவன் தோழி கசுமி மிஸ்டி ஆனாள், சோறு டோனட் ஆனது. பின்னால் வந்த ஓர் அத்தியாயத்தில் சோற்று உருண்டையின் மேலேயே சாண்ட்விச்சை வரைந்துவிட்டார்கள். சோற்று உருண்டையை அறியாத பிள்ளைகளுக்காகச் செய்த மாற்றம், மூன்று வேளையும் சோறு தின்கிற வீட்டுக்குள் வந்து எனக்குப் பாடம் நடத்தியிருக்கிறது!

ஜப்பானிய மூலத்தை வசன வரிகளோடு பார்ப்பவர்கள் இந்த டப்பிங்கைக் குப்பை என்கிறார்கள். அவர்களோடு எனக்கு வழக்கு இல்லை. ‘ஒன் பீஸ்’ என்ற இன்னொரு ஜப்பானியத் தொடரில் சஞ்சி என்ற சமையல்காரனின் வாயிலிருந்த சிகரெட்டைப் பிடுங்கிவிட்டு லாலிபாப்பைச் செருகியது சிரிப்புக்குரியது. ‘செய்லர் மூன்’ தொடரில் செய்தது சிரிப்புக்குரியதல்ல. யுரேனஸ், நெப்டியூன் என்ற இரண்டு பெண்களின் காதலை மறைக்க அவர்களை ஒன்றுவிட்ட சகோதரிகள் ஆக்கினார்கள். பார்வையும் நெருக்கமும் அப்படியே இருக்க, உறவு மட்டும் மாறியது. (மாமன் மகளையும் அத்தை மகனையும் முறை பார்த்துக் கட்டிவைக்கிற ஊரில் இந்தப் பூச்சு எடுபடுமா?) தங்களைப் போன்றவர்களைத் திரையில் பார்த்திருக்க வேண்டிய பிள்ளைகளிடமிருந்து பறித்தது அது. சிறுவயது நினைவுகளின் ஏக்கத்தின் பெயரால் அதற்கு மன்னிப்புக் கொடுக்க நான் தயாரில்லை.

ஆனால் ‘டிராகன் பால் இசட்’ தொடரின் முதல் ஆங்கில டப்பிங்கை என்னிடமிருந்து யாரும் வாங்கிவிட முடியாது. 1996இல் வந்த அந்த வடிவத்தில் எவரும் சாகக் கூடாது. செத்தவர்கள் எல்லாம் ‘அடுத்த பரிமாணத்துக்கு’ப் போய்ச் சேர்வார்கள். விமானம் தீப்பிழம்பாகச் சிதறும். உடனே டியென் என்ற வீரன், பாராசூட் தெரிகிறது, தப்பிவிட்டார்கள் என்று நமக்கு ஆறுதல் சொல்வான். நரகத்துக் காவலாளிகளின் பனியனில் ‘ஹெல்’ என்று எழுதியிருந்ததை ‘எச்எஃப்ஐஎல்’ என்று திருத்தி, முடிவில்லாமல் தோற்பவர்களின் இல்லம் என்று அதற்கு விரிவும் கொடுத்தார்கள். மாட்டிக்கொண்ட பையன் வாய்க்கு வந்ததைச் சொல்லிச் சமாளிப்பானே, அதே துணிச்சல்!

அந்தக் குரல்களையும் சொல்ல வேண்டும். ஜப்பானிய மொழிக்கு வரைந்த வாயசைவுக்குள் ஆங்கிலத்தைத் திணிக்க வேண்டும். வாய் நின்ற பிறகு வசனம் மிஞ்சினால் மூச்சுவிடாமல் கொட்டுவார்கள். வசனம் முடிந்தும் வாய் அசைந்தால் ஒரு ‘ஹா’, ஒரு ‘ஹே’. அந்த அவசரத்துக்குள்ளும் வெரோனிகா டெய்லர் என்ற பெண்மணி பத்து வயது ஆஷின் தொண்டைக் கரகரப்பை எப்படியோ கொண்டுவந்தார். 2006இல் உரிமம் கைமாறியபோது குரல்களும் மாறின. புதுக்குரலில் ஒரு குறையும் இல்லை. ஆனாலும் பக்கத்து வீட்டுப் பையன் என் தம்பியின் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து நின்றதுபோல் இருந்தது. பல வருடங்கள் கழித்து ஜப்பானிய மூலத்தைப் பார்த்தபோதும் அப்படியேதான் இருந்தது. மூலம் அதுதான் என்று புத்திக்குத் தெரிகிறது, காது ஒத்துக்கொள்ளவில்லை.

ஜெல்லி டோனட்டை முதன்முதலில் தின்றபோது எனக்கு இருபத்துநான்கு வயது. அலுவலகத்தில் யாருக்கோ பிறந்தநாள். பெட்டியைத் திறந்தார்கள். எல்லாம் வட்டமாக இருந்தன. கையில் ஒன்றை எடுத்து, அடியில் கறுப்புப் பட்டை இருக்கிறதா என்று திருப்பிப் பார்த்தேன்.